முட்டைக்கு எது பூச்சியம்?

“முட்டைகள் மூன்று நாள் அறை வெப்பநிலையில் வைக்கப்பட்டு, பின்னர் 38 பாகையில் அடைவைக்கப்பட்டன.”

கோழி முளையம் (முட்டைக்குள் வளரும் கரு) பற்றிய செய்முறை அறிக்கைகளில் இந்த வரி ஏதோ ஒரு வடிவில் வந்துவிடும். குளிர்நாட்டுக் கைந்நூலில் இருந்து எடுத்த வரி அது. அங்கே அறை என்றால் 18, 20 பாகை செல்சியஸ். கொழும்பு வெள்ளவத்தையில் ஏ.சி. இல்லாத அறையில் மத்தியானம் 30, 31 காட்டும். தை மாதத்து விடியற்காலையை விட்டால் இராத்திரியிலும் 25க்குக் கீழே இறங்குவது குறைவு. அங்கே அந்த மூன்று நாளும் முளையம் ஏறக்குறைய உறங்கிக் கிடக்கும். இங்கே அரைகுறையாக வளர்ந்துகொண்டே இருக்கும். வரி ஒன்றுதான், பரிசோதனை இரண்டு.

இவை இரண்டுக்கும் நடுவில் இருக்கும் எல்லைக்கு முளையவியலில் ஒரு பெயர் உண்டு: பிசியோலொஜிக்கல் ஸீரோ. நம் பாடநூல் வழக்கில் சொன்னால் உடற்றொழிலியற் பூச்சியம். தமிழகத்தார் உடலியங்கியல் சுழியம் என்று எழுதக்கூடும். இனிமேல் வெறும் ‘பூச்சியம்’ என்கிறேன். எந்த வெப்பநிலைக்குக் கீழே முளையம் வளர்ச்சியில் முன்னேறாதோ, அந்த வெப்பநிலை. வரைவிலக்கணம் இவ்வளவுதான். சிக்கல் முழுவதும் ‘முன்னேறாது’ என்ற சொல்லில் இருக்கிறது.

எட்வேர்ட்ஸ் என்ற ஆய்வாளர் 1902இல் வெளியிட்ட கட்டுரையின் தலைப்பிலேயே இந்தச் சொல் இருக்கிறது. வீட்டுக்கோழி முட்டைக்கு அவர் தந்த எண் 20 முதல் 21 பாகை. 1944இல் ஃபங்க், பீலியர் இருவரும் ஏறத்தாழ 27 என்றார்கள். பின்வந்தோரில் 28, 29 வரை போனவர்களும் உண்டு. அதே கோழி, அதே முட்டை, எட்டுப் பாகை வித்தியாசம். யாரும் பிழையாக அளந்தார்கள் என்று இதற்கு அர்த்தமில்லை. ஒவ்வொருவரும் வேறு வேறு ஒன்றை அளந்தார்கள்.

இது விளங்க, இட்ட முட்டைக்குள் என்ன இருக்கிறது என்று பார்க்க வேண்டும். கருக்கட்டல் நடப்பது கோழியின் சூலகக் குழாயின் மேல்முனையில். அங்கிருந்து வெளியே வர ஒரு நாளும் சற்று அதிகமும் ஆகும். அதில் பெரும்பகுதி, கிட்டத்தட்ட 20 மணித்தியாலம், ஓடு படியும் இடத்தில் கழிகிறது. கோழியின் உடல் வெப்பம் 41 பாகை. ஆகவே முட்டை வெளியே விழும்போதே முளையம் ஒரு நாள் வளர்ந்துவிட்டது. மஞ்சட் கருவின் மேல் ஏறக்குறைய 4 மில்லிமீற்றர் அகலத்தில் ஒரு தட்டு. அதற்குள் பத்தாயிரக் கணக்கில் கலங்கள். இந்தப் பருவத்துக்கு எயால்-கிலாடியும் கொச்சாவும் 1976இல் ஒரு நிலை வரிசை வகுத்தார்கள், ரோம எண்களில். இட்ட முட்டை அதில் சராசரியாகப் பத்தாம் நிலை.

ஒரு எச்சரிக்கை. இந்தப் ‘பத்தாம் நிலை’யும் ஹம்பேர்கர்–ஹமில்டன் 1951இல் வகுத்த 46 நிலைகளில் வரும் பத்தும் ஒன்றல்ல. இரண்டாவது பத்து, 33 முதல் 38 மணித்தியாலம் அடையிருந்து, முதுகின் இருபுறமும் பத்துச் சோடி சோமைட் (பின்னர் முள்ளந்தண்டும் தசையும் ஆகும் சிறு கட்டிகள்) வந்த முளையம். அறிக்கையில் வெறுமனே ‘நிலை 10’ என்று எழுதினால் வாசிப்பவர் ஒன்றரை நாள் தவறிப் போவார். முன்னையதை எ.கி.கொ. என்றும் பின்னையதை எச்.எச். என்றும் முன்னொட்டுப் போட்டு எழுதுங்கள். திருத்துகிறவருக்கும் நிம்மதி.

சரி, அந்தத் தட்டை 24 பாகையில் வைக்கிறோம். கலங்கள் மிக மெதுவாகப் பிரியலாம். தட்டு அகலத்தில் கொஞ்சம் பரவலாம். ஆனால் தலைவால் அச்சைக் காட்டும் அந்த நீளக் கோடு, பிரிமிட்டிவ் ஸ்ட்ரீக், வராது. நுணுக்குக்காட்டியில் பிரியும் கலங்களை எண்ணுகிறவருக்கு இது பூச்சியத்துக்கு மேலே. தட்டின் விட்டத்தை அளப்பவருக்கு ஒருவேளை எல்லைக்கோட்டில். ஸ்ட்ரீக் வந்ததா என்று பார்ப்பவருக்குத் தெளிவாகக் கீழே. எத்தனை நாள் காத்திருந்தார்கள் என்பதும் சேரும். ஒரே நாளில் தெரியாத பரவல் பத்தாம் நாளில் தெரியும். ஆகவே அளவுகோலைச் சொல்லாமல் ‘கோழியின் பூச்சியம் 21 பாகை’ என்று மட்டும் எழுதும் வரி எனக்கு அரை வரிதான்.

இதில் கொழும்புக்கு ஒரு தனிச் சிக்கல். எந்த ஆய்வாளரின் எண்ணை எடுத்தாலும் நம் அறை அந்த எல்லைக்கு மேலே, அல்லது எல்லையிலேயே நிற்கிறது. 27க்கும் 35க்கும் இடைப்பட்ட வெப்பத்தில் முளையம் வளரும், ஆனால் ஒழுங்காக வளராது. உறுப்புகள் ஒன்றுக்கொன்று ஒத்த வேகத்தில் போகாமல், ஒரு பகுதி முந்தி ஒரு பகுதி பிந்தும். ஓரத்துத் தட்டு மஞ்சட் கருவின்மேல் பரந்துகொண்டே போகும். நடுவில் அச்சு உருவாகாது, உருவானாலும் கோணலாக இருக்கும். பிறகு 38 பாகையில் வைத்தாலும் அந்தப் பிசகு சரியாவதில்லை. இரண்டாம், மூன்றாம் நாளில் இறந்து, வெளிச்சத்தில் பிடித்தால் இரத்த வளையம் மட்டும் தெரியும் முட்டைகளில் ஒரு பங்கு இந்தக் கணக்கில் வருபவை. இன்கியூபேட்டரைக் குற்றம் சொல்வதற்கு முன், முட்டை அதற்குள் போகுமுன் எங்கே கிடந்தது என்று கேளுங்கள்.

பறவைகளே இதற்கு வழி வைத்திருக்கின்றன. ஊர்க்கோழி தினம் ஒன்றாக இட்டு, கூட்டை விட்டுப் போய், ஈடு (ஒரு தடவைக்கு இடும் முட்டைகள்) நிறைந்த பிறகுதான் அடை கிடக்கும். முதல் முட்டை பத்து நாள் காத்திருந்தாலும் குஞ்சுகள் எல்லாம் ஏறக்குறைய ஒரே நாளில் பொரிக்கின்றன. காத்திருக்கும் முட்டை பூச்சியத்துக்குக் கீழே கிடந்தால்தான் இந்த ஏற்பாடு முழுதாகப் பலிக்கும். வெப்பமான சூழலில் சில பறவைகள் ஈடு முடியுமுன்னரே அடை கிடக்கத் தொடங்குவதற்கு முட்டையின் உயிர்த்திறனைக் காப்பதே காரணமாகலாம் என்ற கருதுகோளை ஆர்னல்ட் முதலானோர் 1987இல் முன்வைத்தார்கள். நம்மூர்க் கூடுகளில் இதை முறையாகப் பார்க்க விரும்பும் இறுதியாண்டு மாணவருக்கு நல்ல தலைப்பு.

மீனுக்கு வந்தால் இதே சொல் இன்னொரு வேடம் போடுகிறது. வரிக்குதிரை மீன் முளையத்தை உலகமெங்கும் 28.5 பாகையில் வளர்க்கிறார்கள். அதற்கென ஏ.சி., ஹீட்டர் என்று செலவழிக்கிறார்கள். கொழும்பு அறைக்கு அது இலவசம். கிம்மலும் தோழர்களும் 1995இல் தந்த சூத்திரம் இது: 28.5 பாகையில் ஒரு நிலைக்கு எடுக்கும் மணித்தியாலத்தை, (0.055 × வெப்பநிலை − 0.57) என்பதால் வகுத்தால், வேறு வெப்பநிலையில் அதே நிலைக்கு எடுக்கும் நேரம் வரும். 24 மணித்தியால நிலையை எடுங்கள். 25 பாகையில் வகுப்பெண் 0.805, விடை 29.8 மணித்தியாலம். 31 பாகையில் வகுப்பெண் 1.135, விடை 21.1. மின்விசிறிக்கு அடியில் வைத்த கிண்ணத்துக்கும் யன்னலோரக் கிண்ணத்துக்கும் சில மணித்தியாலம் வித்தியாசம் வருவதன் காரணம் இதுவே.

அந்த வகுப்பெண் எப்போது பூச்சியமாகும் என்று பார்த்தால் 10.4 பாகை. ‘வரிக்குதிரை மீனின் பூச்சியம் 10.4’ என்று எழுதலாமா? கூடாது. சூத்திரம் 25 முதல் 33 பாகைக்குள் பொருந்தும் நேர்கோடு. அந்தக் கோட்டை வெளியே நீட்டி அச்சை வெட்டும் புள்ளியை எடுப்பது கணக்கு. முளையம் அங்கே என்ன செய்கிறது என்பது வேறு. 10 பாகைக்கு வெகு மேலேயே அது ஒழுங்காக வளர்வதை நிறுத்திவிடும். பூச்சியியல்காரர் ‘வளர்ச்சிப் பூச்சியம்’ என்று பாகை-நாள் கணக்கில் (எல்லைக்கு மேலான வெப்பத்தை நாள்தோறும் கூட்டிவரும் கணக்கு) பயன்படுத்துவது பெரும்பாலும் இப்படி நீட்டி எடுத்த எண். கோழியில் எட்வேர்ட்ஸ் தேடியது, நேரே பார்த்து அறிந்த எல்லை. பெயர் நெருக்கம், பிறப்பு வேறு.

இன்னும் இரண்டு இடத்தில் கால் தடுக்கும். புலனுணர்வு பற்றிய நூலில் பிசியோலொஜிக்கல் ஸீரோ என்று வந்தால், தோல் சூடும் உணராத குளிரும் உணராத வெப்பநிலை என்று பொருள். மண்ணியலில் ‘உயிரியற் பூச்சியம்’ என்று 5 பாகையைச் சொல்வார்கள். தேடுபொறியில் சொல்லை மட்டும் இட்டால் இவை எல்லாம் கலந்து வரும். ‘முட்டை’ அல்லது ‘பிளாஸ்டோடேர்ம்’ (நாம் தட்டு என்று சொல்லிவரும் அதன் பெயர்) சேர்த்துத் தேடுங்கள்.

டயபோஸ் (பூச்சிகளில் வரும் வளர்ச்சி இடைநிறுத்தம்) என்ற சொல்லையும் இதனோடு குழப்புகிறார்கள். பட்டுப்பூச்சி முட்டையின் டயபோஸ் உள்ளிருந்து வரும் கட்டளை; வெப்பம் கொடுத்த உடனே அது எழும்பாது. கோழி முட்டை அப்படியல்ல. சூடு வந்தால் அப்போதே தொடங்கிவிடும். அதை ஓய்வு என்றால் போதும்.

பூச்சியத்துக்குக் கீழே போனால் முட்டை செத்துவிடும் என்ற எண்ணமும் உண்டு. சாவெல்லை வேறு, அது இன்னும் கீழே. அதேபோல், கீழே வைத்துவிட்டால் காலம் நின்றுவிடும் என்பதும் சரியல்ல. ஓட்டின் துளைகளால் காபனீரொட்சைட்டு வெளியேறுவது நிற்காது, இட்டபோது 7.6 அளவில் இருந்த வெண்கருவின் பி.எச். சில நாளில் 9ஐத் தாண்டும். மஞ்சட் கருவைச் சுற்றிய சவ்வு தளரும். கலங்கள் கொஞ்சம் கொஞ்சமாக இறக்கும். ஏழு நாளுக்குப் பிறகு பொரிக்கும் வீதம் இறங்குவது இதனால்தான்.

இனிக் கையால் செய்வது.

கடையில் வாங்கும் பண்ணை முட்டை பெரும்பாலும் சேவல் படாதது. அதில் பார்க்க ஒன்றுமில்லை. கருக்கட்டிய முட்டைக்கு இனப்பெருக்கப் பண்ணை அல்லது சேவலோடு திரியும் ஊர்க்கோழி வேண்டும். குருநாகல் பக்கத்திலிருந்து கொண்டுவந்தால் வழியில் மூன்று மணித்தியாலம். பூட்டிய வானுக்குள் வெப்பம் 35ஐத் தாண்டும், அதனால் ரெஜிஃபோம் பெட்டி கட்டாயம். உள்ளே உறைந்த தண்ணீர்ப் போத்தலை வைத்தால் முட்டையில் நேரே படாமல் இடையில் அட்டையோ பழைய துவாயோ போடுங்கள். பட்ட இடத்து முட்டை தனியாகக் குளிர்ந்து, ஒரே பெட்டிக்குள் இரண்டு வகை முட்டை ஆகிவிடும்.

வைத்திருக்கும் வெப்பநிலை: மூன்று நாலு நாளுக்கு 18 பாகை போதும், ஒரு கிழமைக்கு 15, 16, அதற்கு மேலானால் 12 முதல் 14. ஈரப்பதம் 75 வீதத்துக்குக் குறையாமல். வீட்டு ஃப்ரிஜ்ஜின் 4 பாகை இதற்குச் சரிவராது, மிகக் குளிர். பழைய ஃப்ரிஜ் ஒன்றின் மின்னிணைப்பை வெளித் தெர்மொஸ்டாற்றின் ஊடாகக் கொடுத்து 15இல் நிறுத்துவது மலிவான வழி. அந்தத் தெர்மொஸ்டாற் புறக்கோட்டையில் கிடைக்கும். உணர்கருவியைக் காற்றில் தொங்கவிடாதீர்கள். கதவு திறக்கும்போதெல்லாம் காற்றின் வெப்பம் குதிக்கும், முட்டையினது குதிக்காது. 50 மில்லிலீற்றர் தண்ணீர் நிரப்பிய சிறு போத்தலுக்குள் அதை இறக்கி, முட்டைகளின் நடுவே வையுங்கள். அது காட்டுவது ஏறக்குறைய முட்டையின் வெப்பநிலை.

கொழும்பில் அதிகம் பேர் கோட்டை விடுவது, வெளியே எடுக்கும் நேரத்தில். 30 பாகையும் 75 வீத ஈரப்பதமும் உள்ள காற்றின் பனிபடுநிலை, அதாவது அதன் ஈரம் நீராகப் படியத் தொடங்கும் வெப்பநிலை, 25 பாகை. 15 பாகை முட்டையை வெளியே வைத்த அடுத்த நிமிடமே ஓடு வியர்க்கும், ஓடு 25க்கு ஏறும்வரை ஈரம் போகாது. ஓட்டில் ஆயிரக் கணக்கில் துளைகள். மேலே இருக்கும் பற்றீரியா அந்த ஈரத்தோடு உள்ளே போகும். துணியால் துடைத்தால் இன்னும் மோசம், அழுக்கைத் துளைக்குள் தேய்த்து விடுகிறோம். குளிருக்குள்ளேயே முட்டைகளைப் பொலித்தீன் பையில் இட்டுக் காற்றுப் புகாமல் கட்டி, பையோடு வெளியே எடுத்து, நாலைந்து மணித்தியாலம் விட்டுத் திறவுங்கள். வியர்வை பைக்கு வெளியே நிற்கும்.

முளையத்தைப் பார்க்க, முட்டையைக் கிடையாக ஒரு கால் மணித்தியாலம் வைத்து மேற்பக்கத்தில் பென்சிலால் குறி போடுங்கள். தட்டு இலேசானது, மேலே மிதந்து வரும். அகன்ற கிண்ணத்தில் மஞ்சட் கரு உடையாமல் ஊற்றுங்கள். கருக்கட்டாததில் ஒழுங்கற்ற சிறு வெள்ளைப் புள்ளி, உள்ளே குமிழ் குமிழாக. கருக்கட்டியதில் வட்டமான வெள்ளை வளையம், நடுவே தெளிந்த பகுதி, உளுந்து வடையை மேலிருந்து பார்த்தாற்போல. அறையில் நாலு நாள் கிடந்ததில் அந்த வளையம் அகன்று, ஓரம் கலைந்து, எங்கே முடிகிறது என்று சொல்ல முடியாமல் இருக்கும்.

வெளியே எடுக்க வடிதாள் வளையம் வேண்டும்: 3 சென்ரிமீற்றர் சதுரம், நடுவில் 1 சென்ரிமீற்றர் துளை. முதலில் தட்டைச் சுற்றியுள்ள தடித்த வெண்கருவை மெல்லிய கடதாசியால் வெளிப்பக்கமாக இழுத்துத் துடைக்க வேண்டும். தாள் சவ்வில் ஒட்டாமல் வழுக்குவதற்கு இங்கே செய்யும் அவசரமே காரணம். பிறகு தாளை மெதுவாக அழுத்தி, அதன் வெளிவிளிம்பைச் சுற்றிச் சவ்வை வெட்டி, சரிவாக இழுத்து, உப்புக் கரைசலில் மஞ்சட் பக்கம் மேலாக வையுங்கள். கரைசல் 1 லீற்றருக்கு சோடியம் குளோரைட்டு 7.2 கிராம், பொற்றாசியம் குளோரைட்டு 0.37 கிராம், கல்சியம் குளோரைட்டு (இருநீரேற்று) 0.23 கிராம், பி.எச். 7.4. ஒட்டியிருக்கும் மஞ்சளைக் குழாயியால் தூர இருந்து ஊதிக் கழுவுங்கள். நேரே அடித்தால் தட்டு கிழியும். பழைய முட்டையில் சவ்வே கிழியும். அதுவும் ஒரு அவதானிப்பு, குறித்துக்கொள்ளுங்கள்.

பூச்சியத்தை வகுப்பில் காட்ட முப்பது முட்டை போதும். ஒரே பண்ணை, ஒரே நாள் இட்டவை. பத்தை அன்றே 38 பாகையில் வையுங்கள். பத்தை 15 பாகையில் நாலு நாள் வைத்துப் பிறகு. பத்தை மேசையில் நாலு நாள் வைத்துப் பிறகு. எல்லாவற்றையும் 36 மணித்தியாலத்தில் திறந்து சோமைட் எண்ணுங்கள். முதற்கூட்டம் எச்.எச். 10ஐ ஒட்டி நிற்க வேண்டும். இரண்டாவது அதற்குக் கிட்ட, சற்றுப் பிந்தி. மூன்றாவதில் முந்தியதும் பிந்தியதும் இறந்ததும் அச்சில்லாத தட்டும் கலந்து வரும். தயவுசெய்து மூன்றாவது கூட்டத்துக்குச் சராசரி எடுக்காதீர்கள். இறந்ததை நீக்கிவிட்டு மிச்சத்தின் சராசரியைப் போட்டால் அது முதற்கூட்டத்தைப் போலவே தோன்றக்கூடும். பத்து முட்டையையும் தனித்தனி வரியாக அட்டவணையில் காட்டுங்கள். அந்தச் சிதறல்தான் பெறுபேறு.

கடைசியாக, கரண்ட் போனால். 2022இல் நாளுக்குப் பத்து மணித்தியாலத்துக்கு மேல் மின்வெட்டு இருந்த காலத்தைப் பார்த்தவர்களுக்கு இது வெறும் சந்தேகமாகத் தோன்றாது. பூச்சியம் என்ற சொல் அடைவைக்குமுன் இருக்கும் தட்டுக்கு உரியது. ஸ்ட்ரீக் வந்து, இதயம் துடிக்கத் தொடங்கிய முளையத்தை 15 பாகையில் நாலு நாள் ‘நிறுத்தி வைக்க’ முடியாது, செத்துவிடும். சில மணித்தியாலக் குளிர்ச்சியைத் தாங்கும். கொழும்பில் மூடிய பெட்டி எவ்வளவு ஆறினாலும் அறையின் வெப்பநிலைக்குக் கீழே போகாது, ஆகவே மூடியைத் திறக்காமல் மேலே ஒரு போர்வையைப் போட்டு விடுங்கள். நிற்காமல் மெதுவாகப் போகும். கரண்ட் போன நேரம், வந்த நேரம், பெட்டிக்குள் இருந்த ஆகக் குறைந்த வெப்பநிலை மூன்றையும் முட்டை எண்ணுக்குப் பக்கத்தில் எழுதுங்கள். இல்லாவிட்டால் அந்த 36 மணித்தியாலத்தில் முளையம் உண்மையில் 38 பாகையில் இருந்தது எத்தனை மணித்தியாலம் என்று பின்னர் கணக்கிட வழியில்லை.